தனி கார்டு, நாலு செகண்டு

"என் டைம்லைனை விட்டு வெளியே போன ஷாட் போனதுதான். எடுத்தவர் அழுதாலும் வராது, நடிச்சவர் அழுதாலும் வராது, காசு போட்டவர் அழுதாலும் வராது. வெட்டினதைத் திரும்ப ஒட்டுறது தையல்காரர் வேலை. அதுக்கு மேற்குத் தாம்பரத்துல நல்ல நல்ல கடை இருக்கு."

இந்தப் பிரகடனம் 2019ஆம் ஆண்டு, சேலையூரில் ஒரு கல்யாண மண்டபத்தின் சாப்பாட்டுக் கூடத்தில், குறும்படக்காரர்கள் கூடிய ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வெளியிடப்பட்டது. வெளியிட்டவர் கோகிலவாணி. அப்போது வயது முப்பத்தைந்து. தொழில் சினிமாப் படத்தொகுப்பு. எந்த ஸ்டூடியோவுக்கும் கட்டுப்படாத சுயேச்சை. கேட்டவர்கள் இருபத்து மூன்று பேர். அதில் பதினோரு பேர் குறும்படம் எடுத்தவர்கள், ஏழு பேர் அவற்றில் நடித்தவர்கள், மீதி ஐந்து பேர் அங்கே ஏசி ஓடுகிறது என்று கேள்விப்பட்டு வந்தவர்கள். கைதட்டியது அந்த ஐந்து பேர்தான்.

டைம்லைன் என்பது ஒன்றும் மாயமில்லை. எடுத்த காட்சிகளையெல்லாம் கம்ப்யூட்டர் திரையில், தாம்பரம் யார்டில் ரயில் பெட்டிகள் நிற்பதுபோல் ஒன்றன்பின் ஒன்றாக நிறுத்தி வைக்கும் இடம். எந்தப் பெட்டி போகலாம், எது யார்டிலேயே துருப்பிடிக்கலாம் என்று முடிவு செய்கிறவர் எடிட்டர். இந்த அதிகாரம் ரயில்வேயில் பலருக்குப் பகிர்ந்து அளிக்கப்பட்டிருக்கிறது. கோகிலவாணியிடம் அது ஒரே நாற்காலியில் குவிந்திருந்தது. அந்த நாற்காலியிலும் ஒரு சக்கரம் கழன்று போயிருந்தது.

அவருடைய கலைவாழ்க்கை பன்னிரண்டாம் வயதில் தொடங்கியதாக வரலாறு சொல்கிறது. அப்பா இரும்புலியூரில் கேபிள் டிவி நடத்தினார். மாலை ஆறு மணிக்குப் படம் போட்டால் எட்டரைக்குக் கரண்ட் போய்விடும். மூன்று மணி நேரப் படத்தில் வில்லன் திருந்துவதற்குள் ஊரே இருட்டில் உட்கார்ந்திருக்கும். சிறுமி கோகிலவாணி இரண்டு விசிஆரை ஒன்றோடொன்று கோத்து, படத்தில் தேவையில்லை என்று தனக்குப் பட்டதையெல்லாம் எடுத்துவிட்டு, எட்டேகாலுக்குச் சுபம் போட்டார். முந்நூறு சந்தாதாரர்களில் ஒருவர்கூடப் புகார் சொல்லவில்லை. ஒரே ஒரு அம்மாள் மட்டும் வீடு தேடி வந்து, "இதே படத்தைத் தியேட்டர்ல பார்த்தேன் பாப்பா, அங்க இவ்ளோ நல்லா இல்ல" என்றார். ஒரு குழந்தையின் தலையில் ஏறக்கூடாத வார்த்தை அது. ஏறிவிட்டது. பிறகு இறங்கவேயில்லை.

படித்து முடித்ததும் கோடம்பாக்கத்தில் ஐந்து வருடம் உதவியாளர் வேலை. காலையில் தாம்பரத்தில் ரயில் ஏறி, சாயங்காலம் தாம்பரத்தில் இறங்குவார். நடுவில் யாரோ ஒருவர் பெயரில் படம் வெட்டுவார். அதன் பிறகு சுயேச்சையானார். சுயேச்சை என்றால், ஏன் லேட்டு என்று யாரும் கேட்க மாட்டார்கள். ஏன் வரவில்லை என்றும் யாரும் கேட்க மாட்டார்கள். ஆக மொத்தம் பதினேழு வருடத்தில் பதினொரு படங்கள். ஒன்றில்கூட அவர் பெயரை யாரும் பார்த்ததில்லை. இரண்டு படங்களில் பெரிய எடிட்டர்களின் பெயருக்கு அடியில் மறைந்து போனார். ஒன்றில் நன்றிப் பட்டியலில், பெட்ரோல் பங்குக்கு அடுத்தபடியாக இடம் கிடைத்தது. ஒன்றில் தியேட்டர் விளக்கெல்லாம் போட்டு, ஜனம் பார்க்கிங் டோக்கனைத் தேடிக்கொண்டிருந்தபோது பெயர் போனது. மற்றவற்றில் போகவே இல்லை.

மேற்குத் தாம்பரத்தில் சம்பந்தம் என்பவர் நடத்தும் மாவு மில்லுக்கு மேலே ஒரு அறை. அதுதான் தலைமையகம், கிளை அலுவலகம் எல்லாம். கீழே மெஷின் ஓடினால் மேலே மானிட்டர் நடுங்கும். மிளகாய் அரைக்கும் நாட்களில் கோகிலவாணி சோகக் காட்சிகளை வைத்துக்கொள்வார். பார்க்க வரும் இயக்குநர்கள் கண்ணைத் துடைத்தபடியே எல்லாவற்றையும் ஒத்துக்கொண்டு போவார்கள். வாசலில் 'வாணி எடிட்டிங்' என்று போர்டு இருந்தது. மாடியில் ஒரு பெண் நாளெல்லாம் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருக்கிறாள் என்ற ஒரே ஆதாரத்தை வைத்து, தெரு அந்த இடத்தைக் கம்ப்யூட்டர் சென்டர் என்று தீர்மானித்திருந்தது. ஆதார் கார்டில் விலாசம் மாற்ற, மின்கட்டணம் கட்ட, கலர் பிரிண்ட் எடுக்க என்று தினம் நாலு பேர் படியேறுவார்கள். "இங்க அதெல்லாம் செய்யறதில்ல" என்பார் கோகிலவாணி. "அப்ப இன்னா தான் செய்வ?" என்பார்கள். "வெட்டுவேன்" என்பார். பாதிப் பேர் அதற்குப் பிறகு வந்ததில்லை.

வாடகைக்கு விசேஷ வீடியோக்கள். முடிச்சூர் சாலை மண்டபங்களில் நடந்த கல்யாணம், காதுகுத்து, மஞ்சள் நீராட்டு எல்லாம் அந்த அறையைக் கடந்துதான் உறவினர் வீட்டு டிவிகளுக்குப் போயின. அப்படி ஒரு மஞ்சள் நீராட்டு வீடியோவால்தான் ஜெயவேலு வரலாற்றில் நுழைகிறார். முடிச்சூர்க்காரர். அவர் அப்பா காலத்தில் நெல் விளைந்த இடத்தில் அவர் காலத்தில் மனை விளைந்தது. தங்கை மகளுக்குத் தாய்மாமன் சீராக ஐம்பத்தோரு தட்டுகளைப் பேண்டு வாத்தியத்தோடு தெருவில் கொண்டுவந்தவர். வீடியோவைப் பார்த்த மறுநாள் காலையில் மில் படி அதிர ஏறி வந்தார்.

"இன்னாமா, நானு அம்பத்தோரு தட்டு எட்தாந்தேன். வீடியோவுல மூணுதான் கீது. மீதி நாப்பத்தெட்டு எங்க?"

"மூணு காட்டினா போதும் சார். மீதி இருக்குன்னு பார்க்கறவங்களே புரிஞ்சிப்பாங்க."

"எங்க சொந்தக்காரன் எவனும் எதயும் தானா புரிஞ்சிக்கினது கெடயாதுமா. எண்ணித்தான் பாப்பான்."

"எண்ணறவங்களுக்கு ஆல்பம் குடுங்க. இது படம்."

"அதுல ஒரு தட்டுல நாலு கிலோ ஜிலேபி."

"அந்த மூணுல அதுவும் ஒண்ணு சார். நல்லா இருந்துது, அதான் வெச்சேன்."

மனை வாங்க வருகிறவர்களிடம் எல்லைக்கல்லைக் காட்டி முப்பது வருடம் பேசிப் பழகிய ஜெயவேலுவுக்கு, எதிரில் ஒரு எல்லைக்கல்லே பேசுவது புது அனுபவம். தட்டுகள் திரும்ப வரவில்லை. தங்கை வீட்டுப் பக்கத்தில் இரண்டு மாதம் அவரை 'மூணு தட்டு மாமா' என்றார்கள். அதையும் தாங்கிக்கொண்டார். ஆனால் அந்தப் பெண்ணை மறக்கவில்லை.

நாலு வருடம் கழித்து மறுபடியும் படியேறினார். இந்த முறை கூடவே ஷ்யாம்சுந்தர் என்று ஒருவர்: ஐடி வேலையை விட்டுவிட்டுப் படம் எடுக்கத் துணிந்தவர், ஜெயவேலுவின் வீட்டில் வாடகைக்கு இருப்பவர். படத்தின் பெயர் 'கணுக்கால்'. முடிச்சூரில் ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பு, அதற்குள் தண்ணீர் ஏறும் ஒரே ஒரு நாள், முதல் மாடியில் தனியாக இருக்கும் ஒரு பெண். தான் விற்ற மனைகளில் வெள்ளம் வந்த கதைக்குத் தானே பணம் போடுவதில் ஜெயவேலு எந்தச் சங்கடத்தையும் காணவில்லை. "தண்ணி வந்துச்சு, வாஸ்தவம். ஆனா போட்டுல வந்து சோத்துப் பொட்லம் குடுத்தது யாரு? அத்தயும் காட்டணும்ல" என்றார். பொட்டலம் கொடுப்பவராக அவரே நடித்தும் இருந்தார்.

"எடிட்டிங்குக்கு வேற ஆள் இல்லயா சார்?" என்று கேட்டார் கோகிலவாணி.

"என் தட்டயே வெட்னவ நீ. வேற எவன் தட்டயும் வுட மாட்ட. எனக்கு அந்த மாதிரி ஆளுதான் வோணும்."

தன் தட்டும் மறுபடி வரிசையில் நிற்கிறது என்பது அப்போது அவர் நினைவுக்கு வரவில்லை.

கோகிலவாணி ஒரு வெள்ளைத்தாளில் இரண்டு நிபந்தனை எழுதிக் கையெழுத்து வாங்கினார். ஒன்று, வெட்டுவது அவர் இஷ்டம். இரண்டு, படம் தொடங்கும்போது பெயர்கள் வருமே, அதில் எடிட்டருக்குத் தனி கார்டு. கறுப்புத் திரை, மழைச் சத்தம், நடுவில் அவர் பெயர் மட்டும். நாலு செகண்டு.

"ஆறு பேர ஒரே கார்டுல போட்டா வேல முடிஞ்சிச்சு. எதுக்குமா தனியா?" என்றார் ஜெயவேலு. "மேக்கப்பு, சாப்பாடு, வண்டி, அதோட நீ. குடும்பமா இருக்கும்."

"பதினேழு வருஷமா குடும்பத்தோடதான் சார் இருக்கேன். நாலே செகண்டு தனியா இருந்துக்கறேன்."

"ரெண்டு செகண்டு?"

"என் பேர் நீளம். படிக்க நாலு வேணும்."

கையெழுத்து விழுந்தது. அந்தத் தாளை கோகிலவாணி மானிட்டருக்குப் பின்னால் சுவரில் ஒட்டினார். மில் ஓடும்போதெல்லாம் அதுவும் நடுங்கியது, ஆனால் விழவில்லை.

பிறகு வெட்டு தொடங்கியது. முதலில் பலியானவை பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தின் மேல் டிரோன் பறந்து எடுத்த பன்னிரண்டு ஷாட்டுகள். ஷ்யாம்சுந்தர் மென்மையான மனிதர். அன்று மிளகாய்கூட அரைக்கவில்லை, ஆனாலும் அவர் கண் கலங்கியது.

"அந்தப் பறவைக் கூட்டம் கிளம்பறதுக்காக ரெண்டு நாள் காத்திருந்தேன் கோகிலா."

"தெரியுது ஷ்யாம். படம் பார்க்கறவங்களும் எதுக்குக் காத்திருக்கணும்?"

"அதுல ஒரு பொயட்ரி இருக்கு."

"இருக்கு. முடிச்சூர்ல தண்ணி ஏறும்போது பள்ளிக்கரணையில என்ன பொயட்ரி?"

பன்னிரண்டும் போயின. அடுத்து படகுக் காட்சி. மூன்று நிமிடம் ஜெயவேலு படகில் நின்று பொட்டலம் கொடுத்தார். சுற்றிலும் தண்ணீர், அவர் வேட்டி மட்டும் நனையாமல் இருந்தது. மூன்று நிமிடமும் போனது. ஜெயவேலு படப்பையிலிருந்து ஒரு சாக்குக் கத்தரிக்காயோடு சமாதானம் பேச வந்தார்.

"நானு பிரட்யூசர்மா."

"மொதல் கார்டே உங்க பேர்தான் சார்."

"பேரு கீது. மூஞ்சி?"

"மூஞ்சி வந்துச்சுன்னா, தண்ணி வடிஞ்சிடுச்சுன்னு ஜனம் நினைச்சிடும். அந்தப் பொண்ணு தனியா மாட்டிக்கிட்டதுதான் படம். நீங்க வந்து காப்பாத்திட்டா, அவளுக்கு அப்புறம் என்ன வேலை?"

"ஒரு செகண்டு? சைடுல?"

"வெட்டினது வெட்டினதுதான் சார். கத்தரிக்காயை எடுத்துட்டுப் போங்க, இல்ல கீழ சம்பந்தம் அண்ணாகிட்ட குடுங்க."

சம்பந்தம் வீட்டில் அந்த வாரம் முழுக்க எண்ணெய்க் கத்தரிக்காய்.

இந்தப் பெரிய வெட்டுகளின் நடுவே ஒரு சின்ன வெட்டும் நடந்தது; அதற்காக யாரும் அழவில்லை. முப்பத்தோராவது நிமிடத்தில் முடிச்சூர்த் தெருவில் ஒரு வீட்டு வாசல். ஐம்பது வயதிருக்கும் ஒரு பெண்மணி ஏரிப் பக்கம் ஒரு முறை பார்க்கிறார். பிறகு குனிந்து, வாசலில் கிடந்த தன் செருப்பு இரண்டையும் எடுத்துச் சுவரிலிருக்கும் மின்சார மீட்டர் பெட்டியின் மேல் வைத்துவிட்டு உள்ளே போகிறார். நடிகை அல்ல, அந்த வீட்டுக்காரரேதான். நல்ல ஷாட். ஆனால் அந்த இடத்தில் கதாநாயகிக்கு இன்னும் தண்ணீர் வரப்போவதே தெரியாது. ஊர்க்காரி செருப்பைத் தூக்கி வைத்துவிட்டால் ஜனத்துக்கு எல்லாம் தெரிந்துவிடும். ஒரு விசையைத் தட்டினார் கோகிலவாணி. செருப்பு, மீட்டர் பெட்டி, பெண்மணி எல்லாம் யார்டுக்குப் போயின.

படம் தொண்ணூற்றிரண்டு நிமிடத்தில் நின்றது. 'லாக்' என்று அறிவித்தார். அதற்குப் பிறகு படத்தின் நீளத்தில் ஒரு இமைப்பொழுதுகூடக் கூடவோ குறையவோ கூடாது. அந்த நீளத்தை நம்பித்தான் ஒலிக்காரர்கள் மழையும் தவளையும் போடுவார்கள். போட்டும் முடித்தார்கள். தாம்பரத்தில் ஒரு தியேட்டர், ஒரே ஒரு திரை, வெள்ளிக்கிழமை காலை பதினொன்றரைக் காட்சி உறுதியானது. கோகிலவாணி வாழ்நாளில் முதல்முறையாக ஒரு படத்துக்கு ஆட்களை அழைத்தார். கேபிள் தொழிலை விட்டு ஓய்வாக இருந்த அப்பாவிடம், "மழைச் சத்தம் கேட்டதும் கண்ணாடியைப் போட்டுக்கோப்பா, நாலு செகண்டுதான்" என்றார். சம்பந்தம், 2015 வெள்ளத்துக்குப் பிறகு மில்லுக்கு முதல் அரைநாள் விடுமுறை அறிவித்தார்.

"உன் பேரு எத்தனாவதா வரும் வாணி?"

"நாலாவது கார்டு. எனக்கு அப்புறம் டைரக்டர்."

"சோடாபுட்டியைத் துடைச்சு எடுத்துட்டு வரேன்."

செவ்வாய்க்கிழமை மத்தியானம் படியில் காலடிச் சத்தம் கேட்டது. கோகிலவாணி தயிர்சாத டப்பாவை மூடிவிட்டு, "ஆதாரெல்லாம் இங்க மாத்தறதில்ல" என்றார்.

"ஆதாரெல்லாம் சரியா தான் கீதுமா. நெட்டுல சினிமா டிக்கெட் எட்துத் தருவியாமே. கீழ மில்லுக்கார அண்ணன் சொன்னாரு."

திரும்பிப் பார்த்தார். மீட்டர் பெட்டி மேல் செருப்பை வைத்த அதே பெண்மணி. கோகிலவாணி அந்த முகத்தை முன்னும் பின்னுமாகப் பல முறை ஓட்டியிருக்கிறார். அந்த முகத்துக்கு இவரைத் தெரியாது.

"எந்தப் படத்துக்கு அக்கா?"

"கணுக்கால். இருவத்திரெண்டு டிக்கெட்டு. ஒரே வரிசயா கெடச்சா புண்ணியம். நானு அதுல நடிச்சிகீறேன்."

பெயர் கிளியம்மாள். சொல்லிவிட்டுத் தன் போனை நீட்டினார். முடிச்சூர்ச் சாலைத் திருப்பத்தில் கட்டிய ஒரு பேனரின் படம். 'வெள்ளித்திரையில் கால் பதிக்கும் எங்கள் தெருவின் பெருமை கிளியம்மாள்' என்று எழுத்து. நடுவில் நீலப் பட்டில் கிளியம்மாள். அடியில் வாழ்த்துவோர் வரிசையில் பதினெட்டு முகங்கள். படத்தில் இருக்கிறோமா என்று பார்த்துவிட்டுப் பேனர் வைக்கும் வழக்கம் தென்சென்னைப் புறநகரில் எங்கும் கிடையாது.

"மகளிர் குழுவுல போட்டாங்கமா. வேணாம்னு தான் சொன்னேன். கேட்டாத்தான."

கோகிலவாணி, "நல்லா இருக்கு" என்றார். பதினேழு வருடத்தில் ஒரு படைப்பைப் பார்த்து அவர் நிபந்தனையில்லாமல் சொன்ன முதல் வார்த்தை.

"அந்த டைரக்டர் தம்பி, பயந்த மாரி பாருக்கான்னாரு. எனக்கு இன்னா பயம். தண்ணி வருதுன்னா மொதல்ல செருப்பத்தான எட்து வெக்கணும்? போன தபா அதான் மொதல்ல பூட்ச்சி, நாலு நாளு வெறுங்கால்ல நடந்தேன். எட்து மீட்டர் பொட்டி மேல வெச்சேன். அவரு வாயத் தொறந்துகினு பாத்தாரு."

"படத்துல எவ்வளவு நேரம் வருவீங்கன்னு சொன்னாங்களா?"

"அதெல்லாம் கேக்கலமா. வந்தா சரி." கிளியம்மாள் ஸ்டூலில் உட்கார்ந்தார். "இருவது வருசமா மண்டபத்துல எச்சி எல எட்க்கிற வேல. தாலி கட்ற நேரத்துக்குத்தான் வாளியத் தூக்கினு அவசரமா குறுக்கால போற மாரி ஆவும். கேமராக்காரன் கத்துவான். சரி, வீடியோவுலயாச்சும் வருவோமேன்னு பாத்தா, ஒண்ணுத்துலயும் நானு இருக்க மாட்டேன். எவனோ குந்திகினு கரீக்டா என்ன மட்டும் எட்துட்றான். கெட்டிக்காரன்தான் வெச்சிக்கோ. ஆனா இது சினிமா பாரு. இதுல எட்க்க முடியாதுல்ல?"

"எந்த மண்டபம் அக்கா?"

சொன்னார். அந்த மண்டபத்து வீடியோக்கள் நூற்றுக்கு மேல் இந்த அறையில்தான் வெட்டப்பட்டன. வெட்டிய கெட்டிக்காரன் பெண்பால் என்பதும், இப்போது எதிரில் உட்கார்ந்து எச் வரிசையில் இருபத்திரண்டு இடங்களைத் தட்டிக்கொண்டிருப்பதும் கிளியம்மாளுக்குத் தெரிய வழியில்லை. டிக்கெட்டைத் தன் போனில் வாங்கிக்கொண்டு, "நீயும் வாமா. எங்க வரிசையிலயே குந்திக்கோ" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார். சொன்ன இடத்துக்கு ஒழுங்காக நடந்து வந்து, கேட்ட காரியத்தை முடித்துக்கொண்டு, ஒரு ஷாட்டையும் கேட்காமல் அந்த அறையிலிருந்து போன முதல் நடிகர் அவர்தான்.

கோகிலவாணி தயிர்சாதத்தைத் திறக்கவில்லை. பழைய டிஸ்க் ஒன்றைச் செருகி ஒரு கல்யாணத்தின் வெட்டாத மூலத்தை ஓட்டினார். கெட்டிமேளம். இடதுபக்கத்திலிருந்து ஒரு எவர்சில்வர் வாளி வந்தது. வாளியோடு கிளியம்மாளும் வந்தார். போகிற போக்கில் மாப்பிள்ளையையும் பெண்ணையும் பார்த்து ஒரு முறை சிரித்தார். கல்யாண வீட்டுக்குப் போன வீடியோவில், அவர் உள்ளே வரும் இடத்தில் ஒரு வெட்டு, வெளியே போன இடத்தில் ஒரு வெட்டு. சுத்தமான வேலை. தைத்த தடமே தெரியாது.

அடுத்த நடவடிக்கைகள் மிகுந்த தொழில்நுட்பத் தன்மை கொண்டவை. படத்தின் நீளம் மாறக்கூடாது. ஒன்றை உள்ளே விட்டால் அதே அளவு ஒன்றை வெளியே அனுப்ப வேண்டும். கதைக்குள் கைவைத்தால் ஒலி முழுக்கக் குலைந்துவிடும். படத்தில் ஒலி கெடாமல் காட்சியை மட்டும் மாற்றக்கூடிய இடம் தொடக்கத்து மழைச் சத்தம்தான்; அங்கே கறுப்புத் திரையில் ஐந்து கார்டுகள். ஜெயவேலு, நடிகர்கள், கேமராவும் இசையும், கோகிலவாணி, ஷ்யாம்சுந்தர். கிளியம்மாள் வாசலில் நிற்பது, பார்ப்பது, குனிவது, வைப்பது எல்லாம் சேர்த்து நாலு செகண்டு.

முதலில் தன் பெயரைக் கிளியம்மாள் மேலேயே போட்டுப் பார்த்தார். கீழே தள்ளிப் பார்த்தார். ஓரத்தில் வைத்துப் பார்த்தார். எழுத்து இருந்தால் ஜனம் எழுத்தைத்தான் படிக்கும், செருப்பைப் பார்க்காது. இதைத் தொழில் தெரிந்தவர் எவரும் சொல்வார், அவரும் தமக்குச் சொல்லிக்கொண்டார். கேமராக்காரரின் கார்டில் தன் பெயருக்குப் பாதி இடம் கேட்டு வாங்கலாம். ஆனால் கார்டைப் பங்கு போடுவதை எதிர்த்துத்தான் சுவரில் ஒரு தாளே ஒட்டியிருந்தது.

தாளைப் பார்த்தார். மில் ஓடிக்கொண்டிருந்தது, தாள் நடுங்கியது. ஒரு விசையைத் தட்டினார்.

தியேட்டருக்குப் பிரதி போவதற்கு முன் ஷ்யாம்சுந்தருக்குப் போன் செய்தார். அனுமதி கேட்க அல்ல; தகவல் சொல்ல.

"டைட்டில்ல ஒரு டெக்னிக்கல் கரெக்‌ஷன். நாலாவது கார்டுக்குப் பதில் அந்தச் செருப்பு ஷாட் வருது."

"கோகிலா, அது நீங்க வெட்டின ஷாட்."

"நான் வெட்டினது முப்பத்தோராவது நிமிஷத்துல. இது ரெண்டாவது நிமிஷம். இங்க அவங்க ஏன் செருப்பை எடுத்து வைக்கறாங்கன்னு ஜனத்துக்கு இன்னும் புரியாது, அதனால தப்பில்ல. ஷாட் அதே, இடம் வேற."

"அப்ப என் பறவைகளையும் வேற இடத்துல..."

"ஷ்யாம்."

"சரி சரி. உங்க பேரு?"

"கடைசியில ஓடுற லிஸ்ட்ல."

"எங்க?"

"மதிய உணவுக்கு மேல."

வெள்ளிக்கிழமை பதினொன்றரைக்குத் தியேட்டரில் அறுபத்தேழு பேர் இருந்தார்கள். அதில் மூன்றில் ஒரு பங்கு எச் வரிசை. நீலப் பட்டில் கிளியம்மாள் நடுவில். இரண்டு பக்கமும் பேனரில் இருந்த முகங்கள், முறுக்குப் பையோடு. பின்வரிசையில் கோகிலவாணி, அவர் அப்பா, துடைத்த கண்ணாடியோடு சம்பந்தம், இந்தப் பக்கம் ஜெயவேலு.

விளக்கு அணைந்தது. மழைச் சத்தம். அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். ஜெயவேலுவின் பெயர் வந்தது, அவரே கைதட்டினார். அடுத்தது வந்தது. அதற்கடுத்தது. நாலாவது இடத்தில் கறுப்பு விலகி ஒரு வாசல் தெரிந்தது. கிளியம்மாள் ஏரிப் பக்கம் பார்த்தார், குனிந்தார், செருப்பை எடுத்து மீட்டர் பெட்டி மேல் வைத்தார், உள்ளே போனார்.

எச் வரிசை எழுந்தே நின்றுவிட்டது. "யக்கா, செருப்பப் பார்யா, அதே செருப்பு" என்று ஒரு குரல். "குந்துங்கடி, மறைக்குது, நானே இன்னும் சரியா பாக்கல" என்றது கிளியம்மாளின் குரல்.

ஷ்யாம்சுந்தரின் பெயர் வந்து போனது. சம்பந்தம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டார். அப்பா ஒன்றும் கேட்கவில்லை. எட்டேகாலுக்குச் சுபம் போட்டவரின் அப்பா, வெட்டு விழுந்த இடம் அவருக்குத் தெரியும். ஜெயவேலுதான் இருட்டில் சாய்ந்தார்.

"இன்னாமா, உன் கார்டு எங்க? நாலு செகண்டு, நாலு செகண்டுன்னு என் உயிர எட்த்தியே."

"வெட்டிட்டேன் சார்."

"அய்யே. உன் பேர நீயே வெட்டிக்கினியா? சாயங்காலமே சொல்லித் திருப்பி வெய்யி. பிரட்யூசர் நானே சொல்றேன்."

"வெட்டினதைத் திரும்ப வைக்கற பழக்கம் எனக்கு இல்ல சார்" என்றார் கோகிலவாணி. எச் வரிசையில் யாரோ அடித்த விசில் இன்னும் முடிந்திருக்கவில்லை.